நெருப்புக்குப் பிறகு நிகழ்ந்த சாவுகள்: அலெக்சாண்டர் நனாவின் ‘கொலெக்டிவ்’ குறித்த நிகழ்வு ஆய்வு

ருமேனியத் தலைநகர் புகாரெஸ்டில் பழைய காலணித் தொழிற்சாலை ஒன்றின் கட்டடத்தில் ‘கொலெக்டிவ்’ என்ற இரவு விடுதி இயங்கிவந்தது. 2015 அக்டோபர் 30, வெள்ளிக்கிழமை இரவு, மெட்டல் இசைக்குழு ஒன்று தன் புதிய பாடல் தொகுப்பை வெளியிடுவதற்காக அங்கே கட்டணமில்லா நிகழ்ச்சி ஒன்றை நடத்தியது. மேடையில் கொளுத்தப்பட்ட வாணவேடிக்கையின் பொறி, ஒலித்தடுப்புக்காகத் தூணில் ஒட்டப்பட்டிருந்த பாலியூரிதேன் நுரையில் பற்றிக்கொண்டது. தீ கூரைக்கு ஏறியது. சில நிமிடங்களுக்குள் கூடம் முழுவதும் நச்சுப் புகை நிறைந்தது. முறையான அவசர வழி இல்லை. தீத்தடுப்புத் துறையின் அனுமதி பெறாமலேயே அந்த விடுதி நடந்துவந்தது என்பது பின்னர் தெரியவந்தது. அன்றிரவு 27 பேர் இறந்தார்கள். 180 பேர் அளவில் காயமடைந்தார்கள்.

அடுத்து வந்த வாரங்களிலும் மாதங்களிலும் மருத்துவமனைகளில் மேலும் 37 பேர் இறந்தார்கள். விடுதிக்குள் மாண்டவர்களைவிட, மீட்கப்பட்டுச் சிகிச்சைக்குக் கொண்டுசெல்லப்பட்டவர்களில் இறந்தவர்களே அதிகம். அலெக்சாண்டர் நனாவ் இயக்கி, தானே ஒளிப்பதிவும் செய்து, 2019 செப்டம்பரில் வெனிஸ் திரைப்பட விழாவில் முதன்முதலாகத் திரையிட்ட ‘கொலெக்டிவ்’ என்னும் ஆவணப்படம் இந்த இரண்டாவது எண்ணிக்கையைப் பற்றியது. தீ எப்படிப் பிடித்தது என்பதற்கு அது மிகக் குறைந்த நேரத்தையே ஒதுக்குகிறது. காப்பாற்றப்பட்டவர்கள் எப்படிச் செத்தார்கள், அதைத் தெரிந்திருந்தவர்கள் ஏன் வாய் திறக்கவில்லை என்ற கேள்விகளே 109 நிமிடங்களையும் நிரப்புகின்றன. ஐரோப்பாவில் ஆவணப்பட இயக்குநர் ஒருவர் அரசையும் சமூகத்தையும் ஆராயும்போது எந்த அறைகளுக்குள் நுழைய வேண்டும், அங்கே எவ்வளவு நேரம் காத்திருக்க வேண்டும் என்பதற்கு இந்தப் படத்தைவிடத் தெளிவான சான்று அண்மைக் காலத்தில் எனக்குத் தெரிந்து இல்லை.

பின்னணி

விபத்து நடந்த சில நாட்களில் புகாரெஸ்ட் தெருக்களில் பல்லாயிரக்கணக்கானோர் திரண்டார்கள். அவர்கள் ஏந்திய முழக்கம் ‘ஊழல் கொல்லும்’ என்பது. நவம்பர் 4 அன்று பிரதமர் விக்டர் போன்டா பதவி விலகினார். அதே மாதத்தில் டாச்சியன் சொலோஷ் தலைமையில், கட்சி சாராத வல்லுநர்களைக் கொண்ட இடைக்கால அரசு பொறுப்பேற்றது.

ஒருபுறம் அரசியல் இவ்வாறு குலுங்கிக்கொண்டிருந்தபோது, மறுபுறம் மருத்துவமனைகளில் கிடந்தவர்களைப் பற்றி அதிகாரிகள் தந்த செய்தி ஒரே மாதிரியாக இருந்தது: தேவையான அனைத்தும் இங்கே இருக்கிறது, மேற்கு ஐரோப்பாவில் கிடைக்கும் சிகிச்சைக்கு இது எவ்விதத்திலும் குறைந்ததன்று. இந்த உறுதிமொழியின் விளைவாக, கடுமையான தீக்காயமுற்றவர்களில் பலரை வெளிநாட்டுச் சிறப்பு மையங்களுக்கு அனுப்பும் பணி தாமதப்பட்டது. தீக்காயமுற்ற உடலுக்குத் தோல் என்னும் காப்பு இருப்பதில்லை; எனவே தீக்காயச் சிகிச்சையில் முதலாவது தேவை, நோயாளியைச் சுற்றிலும் கிருமியற்ற சூழல். அந்தச் சூழலைத் தரும் பிரிவுகள் புகாரெஸ்டில் போதிய அளவில் இருக்கவில்லை. இருந்த படுக்கைகளில் சூடோமோனாஸ் போன்ற, மருந்துகளுக்கு எளிதில் அடங்காத மருத்துவமனைக் கிருமிகள் குடியேறியிருந்தன.

ருமேனியா 2007இல் ஐரோப்பிய ஒன்றியத்தில் இணைந்த நாடு. விபத்து நடந்த ஆண்டில் அது மருத்துவத்துக்குச் செலவிட்டது மொத்த உள்நாட்டு உற்பத்தியில் சுமார் 5 விழுக்காடு. ஒன்றியத்திலேயே மிகக் குறைந்த விகிதங்களில் ஒன்று. மருத்துவர்கள் ஆயிரக்கணக்கில் ஜெர்மனிக்கும் பிரான்சுக்கும் குடிபெயர்ந்துகொண்டிருந்தார்கள். மருத்துவர் கையில் உறையில் பணம் வைத்துக் கொடுக்கும் வழக்கம் அன்றாட நடைமுறையாகவே இருந்தது. இத்தகைய அமைப்பில் ஒரே இரவில் நூற்றுக்கு மேற்பட்ட தீக்காய நோயாளிகள் வந்து விழுந்தபோது என்ன நடக்கும் என்பதை மருத்துவர்கள் அறிந்திருந்தார்கள். அவர்களில் பெரும்பாலோர் பேசவில்லை.

இயக்குநரும் அவர் தேர்ந்துகொண்ட இடமும்

நனாவ் 1979இல் புகாரெஸ்டில் பிறந்து, பெர்லினில் திரைப்படக் கல்வி பெற்றவர். 2014இல் வெளிவந்த அவருடைய முந்தைய படம், தாய் சிறையில் இருக்க, போதைப்பொருள் புழங்கும் வீட்டில் வளரும் ஒரு சிறுவனையும் அவனுடைய இரு சகோதரிகளையும் நெருங்கிப் பின்தொடர்ந்தது. அந்தப் படத்திலேயே அவருடைய முறை உருவாகிவிட்டது: விவரிக்கும் குரல் இல்லை, கேமராவை நோக்கிய நேர்காணல் இல்லை, நடப்பதன் அருகில் இருப்பது, போதுமான காலம் இருப்பது.

இந்த முறையைத் தேசியத் துயரம் ஒன்றுக்குப் பயன்படுத்துவது எளிதன்று. இத்தகைய நிகழ்வுகளில் படமெடுப்பவர்கள் இயல்பாகவே உயிர்தப்பியவர்களிடமும் பெற்றோரிடமும் சென்று அவர்களுடைய அழுகையைப் பதிவு செய்கிறார்கள். நனாவ் பெற்றோர்களின் கூட்டங்களிலிருந்து தொடங்கினாலும், படத்தின் முதற்பாதிக்கான மையத்தை வேறோர் இடத்தில் கண்டுகொண்டார். அது ஒரு விளையாட்டு நாளிதழின் அலுவலகம்.

‘கசேட்டா ஸ்போர்ட்டுரிலோர்’ என்ற அந்த நாளிதழின் அப்போதைய ஆசிரியர் கட்டாலின் டொலொன்டான். விளையாட்டுச் செய்தியாளர்கள் மருத்துவமனைக் கிருமிநாசினிகளை ஆராய்வது வெளியிலிருந்து பார்ப்பவருக்கு வியப்பாகத் தோன்றலாம். ஆனால் அந்தக் குழு அதற்கு முன்பே, அமைச்சர் ஒருவரின் அரசுச் செலவுக் கணக்குகளைப் பின்தொடர்ந்து அவர் சிறை செல்லக் காரணமாக இருந்தது. கால்பந்துக் கழகங்களின் கணக்கேடுகளைப் படித்துப் பழகியவர்களுக்கு ஒப்பந்தங்களையும் இடைத்தரகு நிறுவனங்களையும் வாசிப்பது புதிய வேலையன்று. டொலொன்டானும் மிரேலா நியாக், ரஸ்வான் லுட்சாக் ஆகிய அவருடைய சக செய்தியாளர்களும் கேட்ட கேள்வி எளியது: தீக்காயத்தோடு வந்தவர்கள் ஏன் தொற்றால் இறந்தார்கள்?

புலனாய்வுச் செய்தியாளர்கள் தங்கள் பணியறைக்குள் கேமராவை அனுமதிப்பது அரிது. தகவல் தருபவரின் அடையாளம் ஒரு காட்சியின் ஓரத்தில் கசிந்துவிட்டாலும் அவருடைய வேலையோ பாதுகாப்போ போய்விடும். அந்த அறையில் ஓர் இயக்குநர் மாதக்கணக்கில் அமர்ந்திருக்க முடிந்ததென்றால், அந்த நம்பிக்கைக்கு அவர் கொடுத்த விலையும் இருந்திருக்கும்: பலவற்றைப் படமாக்காமல் விட்டிருப்பார். படத்தைப் பார்க்கும்போது நாம் காணாத இந்தக் கட்டுப்பாட்டையும் நினைவில் கொள்ள வேண்டும் என்று எண்ணுகிறேன்.

நீர்த்துப்போன கிருமிநாசினி

ஆய்வின் மையமான கண்டுபிடிப்பைச் சற்று விரிவாகச் சொல்ல வேண்டும்; ஏனெனில் படத்தின் வலிமை முழுவதும் இந்தப் பகுதியின் நிதானத்தில் இருக்கிறது.

ருமேனியாவின் 300க்கும் மேற்பட்ட மருத்துவமனைகளுக்குக் கிருமிநாசினி வழங்கிவந்தது ‘ஹெக்ஸி ஃபார்மா’ என்ற நிறுவனம். அறுவைக் கருவிகளை நனைப்பதற்கும், மருத்துவர்கள் கைகழுவுவதற்கும், தரையையும் படுக்கையையும் துடைப்பதற்கும் அந்தத் திரவங்களே பயன்பட்டன. செய்தியாளர்கள் மாதிரிகளைச் சேகரித்து ஆய்வகத்தில் சோதிக்கச் செய்தார்கள். புட்டியின் மேலே குறிப்பிடப்பட்டிருந்த செறிவுக்கும் உள்ளே இருந்ததற்கும் தொடர்பே இல்லை; சிலவற்றில் செயல்படு பொருள் பத்தில் ஒரு பங்கு அளவுக்கு நீர்த்திருந்தது. மருத்துவமனைகளோ உற்பத்தியாளரின் அறிவுரைப்படி அதை மேலும் நீர்விட்டுக் கலந்தே பயன்படுத்தின. அதாவது, ஏற்கெனவே நீர்த்திருந்த திரவம் இரண்டாம் முறையும் நீர்த்து நோயாளியின் புண்ணருகே சென்றது. அந்த அளவில் அது கிருமிகளைக் கொல்லாது. எதிர்ப்புத் திறன் பெற்ற கிருமிகள் தங்கிப் பெருகுவதற்கு இடம் விடும்.

இதற்குப் பின்னால் இருந்த பணவழியையும் செய்தியாளர்கள் தொடர்ந்தார்கள். மூலப்பொருள் நேரடியாக வாங்கப்படாமல், சைப்ரஸில் பதிவான ஓர் இடைநிலை நிறுவனத்தின் வழியாக, பல மடங்கு உயர்த்திய விலையில் வாங்கப்பட்டதாகக் கணக்குக் காட்டப்பட்டது. பொதுமக்களின் வரிப்பணத்தில் மருத்துவமனை கொடுத்த விலை வெளிநாட்டில் இலாபமாகத் தங்கியது. புட்டிக்குள் தண்ணீர் வந்து சேர்ந்தது.

செய்தி 2016 ஏப்ரல் இறுதியில் வெளியானது. நல்வாழ்வுத் துறை தன் சார்பில் சோதனை நடத்தி, சோதித்தவற்றில் 95 விழுக்காடு பயனுள்ளவை என்று அறிவித்தது. அந்தச் செய்தியாளர் சந்திப்பு முழுப் படத்திலும் எனக்கு மிக முக்கியமாகப் படும் காட்சிகளில் ஒன்று. கேமரா செய்தியாளர்களோடு கீழே அமர்ந்திருக்கிறது. மேடையில் இருப்பவர் ஒரு விழுக்காட்டைச் சொல்கிறார். கீழே இருப்பவர்கள் எதைச் சோதித்தீர்கள், எந்தச் செறிவில் சோதித்தீர்கள், எங்கே சோதித்தீர்கள் என்று திரும்பத் திரும்பக் கேட்கிறார்கள். யாரும் குரல் உயர்த்துவதில்லை. பதில் சொல்பவரின் தடுமாற்றத்தைக் கேமரா வெட்டாமல் பார்த்துக்கொண்டிருக்கிறது. பின்னணி இசையோ விளக்கக் குரலோ இங்கே சேர்க்கப்பட்டிருந்தால், பார்ப்பவர் தாமே கண்டறியும் வாய்ப்பை அது பறித்திருக்கும். சில நாட்களிலேயே அந்த அறிவிப்பு பொய்த்துப்போனது. மே மாதத்தில் அமைச்சர் பதவி விலகினார். நிறுவனத்தின் உரிமையாளர் டான் கொண்ட்ரியா மே 22 அன்று கார் விபத்தில் இறந்தார். அந்த மரணத்தைச் சுற்றி எழுந்த ஊகங்களுக்குள் படம் புகுந்து மர்மக்கதையாக மாறவில்லை. செய்தியாளர்கள் அதை எதிர்கொண்ட விதத்தை மட்டும் காட்டிவிட்டுத் தன் கேள்விக்குத் திரும்புகிறது. இந்தத் தன்னடக்கம் சிறிய விஷயமன்று.

தகவல் தந்தவர்களைப் பற்றியும் சொல்ல வேண்டும். தீக்காய மருத்துவமனையின் மயக்கவியல் மருத்துவர் கமேலியா ரொயு, உயிரோடு இருந்த நோயாளி ஒருவரின் புண்ணில் புழுக்கள் நெளிவதைக் காட்டும் காட்சிப்பதிவைச் செய்தியாளர்களிடம் கொண்டுவந்தார். படத்தில் அது சில நொடிகளே வருகிறது. அதைவிட நீண்ட நேரம், பதிவைப் பார்த்துக்கொண்டிருக்கும் செய்தியாளர்களின் முகங்கள் காட்டப்படுகின்றன. தன் சொந்தத் துறைக்கு எதிராகப் பேச முன்வந்த மருத்துவர், கணக்காளர் போன்றோரில் பெண்கள் பலர் என்பதைப் படம் சுட்டிக்காட்டாமலேயே பார்ப்பவர் கவனிக்கிறார்.

அமைச்சரின் அறை

படம் பாதியைத் தாண்டும்போது கேமரா இடம் மாறுகிறது. புதிய நல்வாழ்வுத் துறை அமைச்சராக வந்த விளாட் வொய்குலெஸ்கு முப்பதுகளில் இருந்தவர். வியன்னாவில் வங்கித் துறையில் பணியாற்றியவர். ருமேனியாவில் கிடைக்காத புற்றுநோய் மருந்துகளை ஆஸ்திரியாவிலிருந்து தன்னார்வலர்கள் வழியே நோயாளிகளுக்குக் கொண்டுசேர்த்த பணியால் அறியப்பட்டவர். அவர் தன் அலுவலகக் கூட்டங்களுக்குள் நனாவை அனுமதித்தார். முதற்பாதியில் செய்தியாளர்களோடு கீழே இருந்து மேடையைப் பார்த்த கேமரா, இப்போது மேடைக்குப் பின்னால் அமைச்சரோடு நிற்கிறது. ஊழலைக் கண்டுபிடிப்பது ஒரு வேலை. அதைச் சரிசெய்ய முயல்வது வேறொரு வேலை. இரண்டையும் ஒரே படத்துக்குள், ஒரே உயரத்தில் வைத்துக் காட்டியது இயக்குநரின் மிகத் துணிவான முடிவு.

அமைச்சரின் அறையில் நாம் பார்ப்பது அதிகாரத்தின் மிடுக்கு அன்று, அதன் எல்லை. பெரும்பாலான மருத்துவமனைகள் உள்ளூராட்சி அமைப்புகளின் கீழ் இருக்கின்றன. மேலாளர் பதவிகள் அரசியல் தொடர்புகளால் நிரப்பப்படுகின்றன. தரச்சான்று வழங்கிய அதே அமைப்புகள் தாங்கள் வழங்கிய சான்றைப் பாதுகாக்கின்றன. யாரை நீக்குவதற்கும் சட்டம் எளிதில் இடம் கொடுப்பதில்லை. ஆலோசகர்கள் அறிக்கையின் ஒவ்வொரு சொல்லையும் எடைபோடுகிறார்கள். மேலாளர்களைத் தேர்ந்தெடுக்கும் விதிகளை மாற்றுவது என்ற ஒரே வழியை அமைச்சர் பற்றிக்கொள்கிறார். புகாரெஸ்ட் மருத்துவமனை ஒன்றுக்கு நுரையீரல் மாற்று அறுவைக்கான அனுமதி உரிய தகுதியின்றி வழங்கப்பட்டது என்று தெரிந்து அவர் அதை நிறுத்தி, நோயாளிகள் தொடர்ந்து வியன்னாவில் சிகிச்சை பெறட்டும் என்று சொன்னபோது, அவர் வெளிநாட்டு மருத்துவமனைகளுக்காக வேலை செய்கிறார், தாய்நாட்டு மருத்துவர்களை இழிவுபடுத்துகிறார் என்ற பரப்புரை தொலைக்காட்சிகளில் தொடங்கியது. மக்களைக் காக்கும் முடிவு ஒன்றை நாட்டுப்பற்றின் பெயரால் தோற்கடிக்கும் இந்த உத்தி ஐரோப்பாவின் பல நாடுகளில் கையாளப்படுவது. அது எவ்வளவு விரைவாக வேலை செய்கிறது என்பதை அறைக்குள்ளிருந்தே பார்க்கும் வாய்ப்பு அரிதாகவே கிடைக்கிறது.

2016 டிசம்பர் 11 அன்று நாடாளுமன்றத் தேர்தல் நடந்தது. வாக்களித்தவர்கள் சுமார் 39 விழுக்காட்டினர். ஓராண்டுக்கு முன் தெருப் போராட்டத்தால் பதவியிழந்த சமூக ஜனநாயகக் கட்சி ஏறத்தாழ 45 விழுக்காடு வாக்குகளோடு திரும்ப வந்தது. அன்றிரவு அமைச்சர் தொலைபேசியில் தந்தையோடு பேசுகிறார். வியன்னாவுக்கே திரும்பிவிடு என்று தந்தை சொல்கிறார். தேர்தல் முடிவைப் பற்றி எந்த ஆய்வாளர் பேசியிருந்தாலும், இந்த உரையாடல் சொன்ன அளவுக்குச் சொல்லியிருக்க மாட்டார்.

முறை குறித்த மதிப்பீடு

இந்தப் படத்தின் மீது நியாயமாக எழுப்பத்தக்க குறை ஒன்று உண்டு. இரண்டாம் பாதியில் கேமரா ஒரே அரசியல்வாதியின் பக்கத்தில் இருக்கிறது. அவரை எதிர்த்தவர்களின் வாதம் தொலைக்காட்சித் திரைகள் வழியாக மட்டுமே வருகிறது. உற்றுநோக்கும் முறையில் கதவைத் திறப்பவர் எவரோ அவருடைய கோணமே படத்தின் கோணமாகிவிடும் ஆபத்து எப்போதும் இருக்கிறது. கதவைத் திறக்காதவர்கள் திரையில் நியாயமற்றவர்களாகத் தோன்றுவார்கள். வொய்குலெஸ்கு பின்னாளில் கட்சி அரசியலில் நேரடியாக இறங்கியதால் இந்தக் கேள்வி கூடுதல் எடை பெறுகிறது.

எனினும் இந்தக் குறையைப் பெரிதாக்க நான் விரும்பவில்லை. படம் அமைச்சரை வெற்றிபெற்றவராகக் காட்டவில்லை. அவர் தயங்குவதும், ஆலோசகர்களிடம் தடுமாறுவதும், செய்தியாளர்களின் கேள்விக்கு முழு உண்மையைச் சொல்ல முடியாமல் சொற்களைத் தேடுவதும் வெட்டப்படாமல் இருக்கின்றன. மேலும், அவருடைய அறைக்குள் சென்ற பின்னரும் இயக்குநர் டொலொன்டானின் குழுவைக் கைவிடவில்லை. முதற்பாதியில் உண்மையைக் கேட்டவர்கள் இரண்டாம் பாதியில் இந்த அமைச்சரையும் அதே கடுமையோடு கேட்கிறார்கள்.

இன்னொரு முடிவு இதைவிடக் கடினமானது. விடுதிக்குள் தீப்பற்றிய தருணத்தின் காட்சிப்பதிவைப் படம் காட்டுகிறது. ஏதோ எரிகிறது, இது நிகழ்ச்சியின் பகுதியன்று என்று பாடகர் மேடையிலிருந்து சொல்வதும், பின் கூட்டம் நெரிவதும், இருள்வதும் அதில் உண்டு. இறந்தவர்களின் பெற்றோர் உயிரோடு இருக்கும்போது இதைக் காட்டலாமா? காட்டியதற்கான நியாயத்தை நான் காட்சியின் நீளத்திலும் இடத்திலும் காண்கிறேன். அது தொடக்கத்திலேயே ஒருமுறை வருகிறது. எங்கும் மீண்டும் வருவதில்லை. உணர்ச்சியைத் தூண்டும் இடைச்செருகலாக ஒருபோதும் பயன்படுத்தப்படுவதில்லை. அதைப் பார்த்தவர், பின்வரும் ஒவ்வொரு கணக்கேட்டையும் ஒவ்வொரு ஆய்வக அறிக்கையையும் அந்தக் கூடத்தில் இருந்தவர்களை மனத்தில் வைத்தே படிப்பார்.

உயிர்தப்பிய இளம்பெண் ஒருவரின் பகுதியும் இவ்வாறே அளவோடு அமைந்தது. கடுமையான தீக்காயங்களிலிருந்து மீண்ட அவர் தன் உடலைப் புகைப்படக் கலைஞர் ஒருவரின் முன் நிறுத்துகிறார். அந்தப் படங்கள் கண்காட்சியாகின்றன. அவர் தன்னைப் பற்றிக் கேமராவிடம் எதுவும் முறையிடுவதில்லை. அமைச்சரின் அறைச் சுவரில் அந்தப் புகைப்படங்களில் ஒன்று மாட்டப்படுகிறது. கூட்டங்கள் அதன்கீழ் நடக்கின்றன.

பின்விளைவு

படம் 2020 பிப்ரவரி இறுதியில் ருமேனியத் திரையரங்குகளுக்கு வந்தது. சில வாரங்களில் கொரோனாத் தொற்று திரையரங்குகளை மூடியது. மருத்துவமனைகள் எந்த நிலையில் இருக்கின்றன என்ற கேள்வியை நாடு முழுவதற்குமான கேள்வியாகவும் ஆக்கியது. அந்த ஆண்டின் சிறந்த ஆவணப்படத்துக்கான ஐரோப்பியத் திரைப்பட விருது ‘கொலெக்டிவ்’ படத்துக்குக் கிடைத்தது. 2021இல் சிறந்த ஆவணப்படம், சிறந்த சர்வதேசப் படம் ஆகிய இரு பிரிவுகளிலும் ஆஸ்கார் பரிந்துரை பெற்றது. சர்வதேசப் படப் பிரிவில் இறுதிப் பட்டியலுக்கு வந்த முதல் ருமேனியப் படம் இதுவே. அதே ஆண்டு ஐரோப்பிய நாடாளுமன்றத்தின் லக்ஸ் பார்வையாளர் விருதும் இதற்கு வழங்கப்பட்டது.

விருதுகளோடு சேர்த்து எழுத வேண்டியவை வேறு சில. 2020 நவம்பரில் பியாத்ரா நியாம்ட்ஸ் நகர மருத்துவமனையின் தீவிர சிகிச்சைப் பிரிவில் தீப்பிடித்துக் குறைந்தது 10 கொரோனா நோயாளிகள் இறந்தார்கள். 2021 ஜனவரியில் புகாரெஸ்டின் தொற்றுநோய் மருத்துவமனை ஒன்றிலும், அதே ஆண்டு அக்டோபரில் கான்ஸ்டன்ட்சா நகரிலும் மருத்துவமனைத் தீ விபத்துகள் தொடர்ந்தன. 2020 டிசம்பரில் மீண்டும் நல்வாழ்வு அமைச்சரான வொய்குலெஸ்கு, நான்கு மாதங்கூட நிறைவதற்குள், 2021 ஏப்ரலில் பதவியிலிருந்து நீக்கப்பட்டார். விடுதித் தீ விபத்து வழக்கின் இறுதித் தீர்ப்பு, ஆறரை ஆண்டுகள் கழித்து 2022 மே மாதத்தில் வந்தது. விடுதி உரிமையாளர்களும், வாணவேடிக்கை ஏற்பாட்டோடு தொடர்புடையவர்களும், அனுமதியின்றி விடுதி நடப்பதைக் கண்டும் நடவடிக்கை எடுக்காத தீத்தடுப்பு அலுவலர்களும் தண்டனை பெற்றார்கள். அந்தத் தீர்ப்பு நெருப்பைப் பற்றியது. மருத்துவமனைப் படுக்கைகளில் இறந்த 37 பேர் அங்கே பெற்ற சிகிச்சை அந்த வழக்கில் விசாரிக்கப்படவில்லை.